மாங்கன்றுக் குழி: எந்த மண் உள்ளே, எந்த மண் வெளியே?

கேள்வி: செம்மண் தோட்டத்தில் மா நடுவதற்காகப் பொக்லைன் வைத்து மூன்றடிக் குழிகள் எடுத்துவருகிறோம். மேலே பழுப்பு மண், நடுவில் கெட்டிச் செம்மண், அடியில் வெள்ளை உருண்டைகள். எடுத்த மண்ணையே போட்டு மூடலாமா?

பதில்: எடுத்த மண் முழுவதையும் உள்ளே தள்ள வேண்டாம். மேலே இருந்த பழுப்பு மண்ணும் தொழுவுரமும் மட்டும் குழிக்குப் போதும். இன்னும் எடுக்காத குழிகளில் மேலே உள்ள பழுப்பு மண்ணை ஒரு பக்கமும் மற்றதை எதிர்ப்பக்கமும் கொட்டச் சொல்லுங்கள். ஏற்கெனவே கலந்துவிட்ட குழிகளுக்கும், பழுப்பு மண் போதாத குழிகளுக்கும், வரிசைகளின் நடுவே மேல்மண்ணைச் சுரண்டி எடுத்துக்கொள்ளலாம்.

பழுப்பு மண்ணில்தான் மட்கு, மண்புழு, நுண்ணுயிர், சல்லி வேர் எல்லாம் இருக்கின்றன. செம்மண்ணின் சிவப்பை மங்க வைத்திருப்பதே அந்த மட்குதான். நம் மானாவாரிக் காடுகளில் இந்த அடுக்கு அரையடி தேறுவதே பெரிது. அங்கும் அங்ககக் கரிமம் பெரும்பாலும் 0.5 சதவீதத்துக்குக் கீழேதான் இருக்கிறது.

அதன் கீழே வருவது அடிமண். மழைநீர் மேலிருந்து இறக்கிவிட்ட களியும் இரும்புத் துருவும் இங்கே சேர்ந்திருக்கும். ஒரு கட்டியை உடைத்துப் பாருங்கள். பிளந்த முகத்தில் மெழுகு தேய்த்தாற்போல் மினுங்கினால் அது களிப்படலம். ஈரம் பிடித்து வைக்கும், ஆனால் காற்று புகாது. பொக்லைன் பக்கெட் வழித்த இடத்தில் குழிச்சுவர் பூசி விட்டதுபோல் இறுகிவிடும். அப்படியே நட்டால் அது மண்ணுக்குள் புதைத்த தொட்டிதான்: வேர் உள்ளேயே சுற்றும், மழைக்குத் தண்ணீர் தேங்கி அழுகும். கடப்பாரையால் நாலு சுவரையும் கொத்திச் சொரசொரப்பாக்குங்கள். பிறகு குழியில் தண்ணீர் நிரப்பி வடியவிட்டு, மறுபடி நிரப்புங்கள். 24 மணி நேரம் கழித்தும் நின்றால் அடித்தட்டு இறுக்கம் என்று அர்த்தம். அதை உடைக்காமல் நடக்கூடாது.

வெள்ளை உருண்டைதான் முக்கியம். அது வெங்கச்சங்கல்லாகவும் (குவார்ட்ஸ்) இருக்கலாம், சுக்கானாகவும் இருக்கலாம். கையுறை போட்டு, கழிப்பறை கழுவும் ஆசிட் இரண்டு சொட்டு விடுங்கள். சுர்ரென்று நுரைத்தால் சுக்கான், அதாவது சுண்ணாம்பு. மழை குறைந்த ஊர்களில் நீர் கரைத்து இறக்கிய சுண்ணாம்பு வெளியேற வழியில்லாமல் அங்கேயே இறுகிவிடுகிறது. நுரைக்காவிட்டால் கவலை வேண்டாம்.

சுக்கான் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடந்தால் மா வரும். ஆனால் அந்த மண்ணைக் குழிக்குள் போடாதீர்கள். கார அமில நிலை (pH) 8-ஐத் தாண்டினால் மண்ணில் இரும்பு இருந்தும் வேருக்குக் கிடைக்காது. இளந்தளிர் வெளுத்து நரம்பு மட்டும் பச்சையாக நிற்கும். அப்போது 10 லிட்டர் தண்ணீருக்கு 50 கிராம் அன்னபேதி (இரும்பு சல்பேட்), 10 கிராம் சிட்ரிக் அமிலம் கலந்து மாலையில் தளிர்மேல் தெளிக்கலாம். இதற்கு ஜிப்சம் போடச் சொல்வார்கள். அது சோடியம் மிகுந்த களர் நிலத்துக்கான மருந்து, சுக்கானுக்கு அல்ல. இரண்டு மூன்றடியிலேயே கடப்பாரை ‘டங்’கென்று தெறிக்கும் சுக்கான் பாறை பலகையாக ஓடினால் மாவை விட்டுவிட்டு நெல்லி, சீத்தா, இலந்தை என்று யோசிப்பதே நல்லது.

சுக்கானுக்கும் கீழே சரளையும் உக்கிய பாறையும் வரும். அங்கே சத்து குறைவு. பாறை இடுக்கு கிடைத்தால் வேர் தண்ணீர் தேடி இறங்கும்.

மூடும்போது மேல்மண்ணோடு குழிக்கு 10 கிலோ மட்கிய தொழுவுரம் கலந்து, தரைக்கு மேல் ஒரு சாண் உயர்த்தி நிரப்புங்கள். ஒரு மழையில் அமுங்கிவிடும். ஒட்டுப்பகுதி மண்ணுக்கு மேலேயே நிற்கட்டும். மிஞ்சிய அடிமண் வட்டப்பாத்தியின் கரைக்கு ஆகும். சுக்கான் கலந்ததை மட்டும் வேலியோரம் தள்ளிவிடுங்கள்.

பரிசோதனைக்கு மேல்மண்ணை மட்டும் கொடுத்தால் மரப்பயிருக்குப் போதாது. ஒன்று, இரண்டு, மூன்றடி ஆழங்களில் தனித்தனியாக அரை கிலோ எடுத்து, நிழலில் உலர்த்தி, ஆழத்தைச் சீட்டில் எழுதிக் கொடுங்கள்.