ஆச்சியின் ளகரம்

அன்புள்ள ஐயா,

எங்களுக்கு அம்பாசமுத்திரம் பக்கம். மகள் இரண்டாம் வகுப்பு. பேச்சுப்போட்டியில் 'தமிள்', 'மள' என்று சொன்னதற்காகப் பாதியிலேயே மேடையிலிருந்து இறக்கிவிட்டார்கள். வீட்டில் நாங்கள் எல்லோருமே அப்படித்தான் பேசுகிறோம். எங்கள் நாக்கு கெட்டுப்போய்விட்டதா? பிள்ளையை எப்படித் திருத்துவது?

— ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

கடிதத்தைப் படித்ததும் மனசு கஷ்டமாகிவிட்டது. உங்கள் நாக்குக்கு ஒன்றும் ஆகவில்லை. பாளையங்கோட்டையில் என்னை வளர்த்த ஆச்சி கடைசிவரை 'வாளப்பளம்' என்றுதான் சொன்னாள். கோளி, கிளவி, ஏளு என்று ழகரம் வரவேண்டிய இடமெல்லாம் அவள் வாயில் ளகரம்தான். ஒரு சொல்லில்கூட மாறியதில்லை. உளறலில் இந்த ஒழுங்கு இருக்காது.

பிள்ளைகள் முதலில் காதால்தான் மொழியைப் பிடிக்கிறார்கள். ஆறு மாதக் குழந்தையால் கேட்டே இராத மொழிகளின் ஒலிகளைக்கூடப் பிரித்தறிய முடிகிறது. ஒரு வயதை நெருங்கும்போது, வீட்டில் புழங்கும் வேறுபாடுகளுக்கே காது பழகிவிடுகிறது. ளகரத்துக்கு நாக்கு மடங்கி அண்ணத்தைத் தொடும். ழகரத்துக்குத் தொடாமல் நிற்கும். இந்த நூலிழை வித்தியாசம் வீட்டில் யார் பேச்சிலும் இல்லையென்றால் குழந்தை அதை எங்கே கேட்கும்?

பழைய கன்னடத்தில் ழகரம் இருந்தது, தனி எழுத்தே இருந்தது. இன்று அங்கே மழை 'மளெ', கோழி 'கோளி'. தெலுங்கில் அதே கோழி 'கோடி', ஏழு 'ஏடு'. இப்படிப்பட்ட ஒப்புமைகளை அடுக்கித்தான் நம் இடையன்குடியில் வாழ்ந்த கால்டுவெல் 1856-இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கண நூலை வெளியிட்டார். கன்னடக்காரர்களின் நாக்கு கெட்டுவிட்டது என்று யாராவது சொல்வோமா?

இன்னொன்று. உங்கள் மகளை இறக்கிவிட்டவர்களும் வீட்டில் 'காத்து', 'மூணு' என்றுதான் பேசுவார்கள். 'காற்று' என்பதில் இருந்த பழைய றகர ஒலி மலையாளத்தில் இன்னும் இருக்கிறது, நம் பேச்சில் பெரும்பாலும் தகரமாகிவிட்டது. அதற்கு யாரும் தண்டனை கொடுப்பதில்லை. ழகரத்துக்கு மட்டும் ஒரு சின்னப் பிள்ளையை அவமானப்படுத்துவது எனக்குக் கோபத்தைத்தான் வரவழைக்கிறது.

சரி, மகளுக்கு ழகரம் வேண்டாமா? கண்டிப்பாக வேண்டும், வாசிக்கவும் மேடையில் பேசவும். ழகரம் நன்றாக வருகிற யாரையாவது 'வாழை', 'வாளை' என்று மாற்றி மாற்றிச் சொல்லச் சொல்லுங்கள். எது மரம், எது மீன் என்று அவள் கண்டுபிடிக்கட்டும். காது பிரித்துவிட்டால் அப்புறம் நாக்கைப் பழக்கலாம். அவசரப்படுத்தினால் 'அவள்' என்பதையும் 'அவழ்' ஆக்கிவிடுவாள்.

தன் ஆச்சியிடம் பேசும்போது மட்டும் மகள் 'வாளப்பளம்' என்றே சொல்லட்டும். அங்கே திருத்தாதீர்கள்.