மேடை ஏறலாமா, அக்கா?

கேள்வி: எனக்கு 46 வயது. மார்பகப் புற்றுநோய்க்கு ஆபரேஷன், கீமோ எல்லாம் முடிந்து மூன்று வருடம் ஆகிறது. அக்டோபர் மாத விழிப்புணர்வு நிகழ்ச்சியில் பேசச் சொல்லி எங்கள் கோயில் மாதர் குழுவில் கேட்கிறார்கள். "கல்யாண வயதில் பெண்ணை வைத்துக்கொண்டு இதெல்லாம் எதற்கு?" என்கிறார் மாமியார். என்ன செய்யட்டும், அக்கா?
- வாசகி, பட்டர்வொர்த்

பதில்: பேசுங்கள், தங்கச்சி. ஆனால் முதலில் மகளைக் கேளுங்கள். மாமியார் பயப்படுவதில் நியாயம் இருக்கிறது; நம் ஆட்கள் ஜாதகத்தோடு இதையும் சேர்த்துத்தான் பார்ப்பார்கள். மகளுக்கு மனசு ஒப்பவில்லை என்றால் இந்த வருடம் விட்டுவிடலாம். அவளிடம் மட்டும் எதையும் மறைக்காதீர்கள். அம்மாவுக்கு வந்தது என்பதை அவள் தன் டாக்டரிடம் சொல்லியாக வேண்டும்.

1974இல் அமெரிக்க அதிபரின் மனைவி பெட்டி ஃபோர்ட் தன் மார்பக அறுவை சிகிச்சையை வெளிப்படையாகச் சொன்னார். அந்தப் பேச்சையே எடுக்கக் கூசிய காலம் அது. கேள்விப்பட்ட பெண்கள் கூட்டம் கூட்டமாகப் பரிசோதனைக்குப் போனார்கள். துணை அதிபர் பதவிக்கு முன்மொழியப்பட்டிருந்த ராக்ஃபெல்லரின் மனைவிக்கும் சில வாரங்களிலேயே நோய் தெரிய வந்தது.

"போராடி ஜெயித்தேன்" என்று பேசாதீர்கள். தள்ளிப்போட்ட கதையைச் சொல்லுங்கள். எனக்குக் குளிக்கும்போது கட்டி தட்டுப்பட்டது. தீபாவளி முடியட்டும் என்றேன். அப்புறம் பையனின் எஸ்.பி.எம். பரீட்சை, அப்புறம் தண்ணீர்மலைத் தைப்பூசம். வலியே இல்லை, அதனால்தான் அத்தனை மாதம் சும்மா இருந்தேன். ஜார்ஜ் டவுனில் ஒரு மண்டபத்தில் இதைச் சொல்லிவிட்டுக் கழிவறைக்குப் போனேன். பின்னாலேயே ஒரு பெண் வந்தார். கதவைத் தாழிட்டு, ஒன்றும் பேசாமல் என் கையைப் பிடித்துத் தன் ரவிக்கை மேல் வைத்தார். கோலிக்குண்டு மாதிரி, நகராமல் இருந்தது. மறுநாள் காலையில் அரசாங்க கிளினிக்குக்கு நானே கூட்டிப் போனேன்.

அதே மண்டபத்தில், தலைத்துணியை எடுத்துவிட்டு ஒரு படம் வேண்டும் என்றார்கள். அப்போது முடி முளைக்கவே இல்லை. தட்ட முடியாமல் நின்றேன். அந்தப் படம் வருடக்கணக்கில் சுவரொட்டிகளில் வந்தது. இன்னமும் எனக்கு ஆறவில்லை. படம் எடுக்கலாமா, எங்கே போடுவார்கள் என்பதை முன்னாடியே பேசிக்கொள்ளுங்கள்.

புற்றுநோயைக் குணமாக்கும் என்று சிலர் நம்பும் டுரியான் பெலண்டா (முள் சீத்தா) இலையைப் பற்றி யாராவது கட்டாயம் கேட்பார்கள். ஆபரேஷனும் கீமோவும்தான் காப்பாற்றின என்று அழுத்திச் சொல்லுங்கள். இலை என்று வாயெடுத்தால் இலையை மட்டும் பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள்.

பேசி முடித்ததும் உடனே கிளம்பிவிடாதீர்கள். கழிவறைப் பக்கம் பத்து நிமிடம் நில்லுங்கள்.