கடற்கரையை ஆவணப்படமாக்க என்ன வேண்டும்?

கேள்வி: பட்டப்படிப்பு முடித்திருக்கிறேன். எங்கள் மீனவக் கிராமங்களின் பிரச்சினைகளை ஆவணப்படங்களாக எடுக்க ஆசை. எந்த கேமரா வாங்கலாம்? இதை நம்பிப் பிழைக்க முடியுமா? - வாசகர், குளச்சல்

பதில்: கேமராவுக்கு முன்னால் மைக்கை யோசியுங்கள். இன்றைய நடுத்தர விலை போனிலேயே படம் நன்றாக வரும், கெடுவது ஒலிதான். முட்டம், தேங்காப்பட்டணம் கடற்காற்றுக்கு மைக்கோடு வரும் பஞ்சு உறை போதாது, ரோமம் வைத்த உறை வேண்டும். சட்டைக் காலருக்குள் காலர் மைக், பதிவின் ஒலிமானியில் உச்ச ஒலி மைனஸ் 12 டெசிபல் அளவில் நிற்கட்டும். காற்று மோதி ஒலி உடைந்துவிட்டால் எந்த மென்பொருளும் அதை முழுதாக மீட்டுத் தராது. பேட்டி எடுக்கும்போது டீக்கடையில் பாட்டு ஓடினால் நிறுத்தச் சொல்லுங்கள். எடிட்டிங்கில் பாட்டு துண்டுதுண்டாகக் கேட்கும், காப்புரிமைத் தொல்லையும் வரும். பேட்டி முடிந்ததும் யாரும் பேசாமல் அந்த இடத்தின் ஒலியை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்யுங்கள். வெட்டுகளை மறைக்க அதுதான் உதவும்.

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். அதனால் நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி என்று வையுங்கள். இல்லையென்றால் இரவு ஏலக்கூடத்து ட்யூப்லைட் படத்தில் துடிக்கும். நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் எடுத்தால் ஒரு மணி நேரப் பதிவுக்கு 45 ஜிபி ஆகும். அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி, இரண்டையும் வெவ்வேறு வீட்டில் வைத்துவிடுங்கள். உப்புக்காற்று பட்ட கேமராவை ஈரத்துணியால் துடைத்து, ஈரம் உறிஞ்சும் சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் மூடுங்கள்.

இவற்றைவிடப் பெரிய விஷயம், பேசுபவரின் சம்மதம். 2017 ஒக்கிப் புயலில் மகனைப் பறிகொடுத்த தாயிடம் போனால், எதைக் காட்டக் கூடாது என்று முதலில் கேளுங்கள். அழுகை சரியாகப் பதிவாகவில்லை என்று திரும்பச் சொல்ல வைக்காதீர்கள். அது கொடுமை.

பிழைப்பு? ஆவணப்படத்தை மட்டும் நம்பினால் ஆரம்ப வருடங்களில் வீட்டு வாடகைகூடத் தேறாது. கல்யாண வீடியோ, எடிட்டிங், தொண்டு நிறுவனங்களுக்கான குறும்படம் என்று ஒரு வருமானம் கையில் இருக்கட்டும். அப்படி எடுத்துக் கொடுக்கும் காட்சிகளை உங்கள் படத்திலும் பயன்படுத்தும் உரிமையை முன்கூட்டியே எழுத்தில் வாங்கிவிடுங்கள்.

பக்கத்திலேயே திருவனந்தபுரத்தில் கேரள அரசின் திரைப்பட அமைப்பான கேரள சலச்சித்திர அகாதமி சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா நடத்துகிறது. முதலில் பார்வையாளராகப் போய் வாருங்கள். படம் அனுப்பும்போது ஆங்கில சப்டைட்டில் அவசியம். நம் கடற்கரைப் பேச்சு தெரிந்த ஒருவர் அதைச் சரிபார்க்கட்டும். வெளியூர்க்காரர் எழுதினால் மீன் பெயரும் வலைப் பெயரும் தப்பாகிவிடும். தியேட்டரில் திரையிட சென்சார் சான்றிதழ் வேண்டும்.