பாட்டு வீடியோ எடுத்தவர்

கேள்வி: ஸ்வீடன் சினிமா என்றாலே இங்மார் பெர்க்மன்தான். நீங்களோ போன இதழில், 'ஆப்பா' பாப் இசைக் குழுவுக்குப் பாட்டு வீடியோ எடுத்துக்கொண்டிருந்த லாசே ஹால்ஸ்ட்ரோமைப் பெரிய இயக்குநர் என்கிறீர்கள். டி.வி.க்காரர்களையெல்லாம் இப்படித் தூக்கிப் பிடிக்கலாமா?
- ஒரு வாசகர், திருச்சி

பதில்: 1951-ல் ஸ்வீடனில் படப்பிடிப்புகள் நின்றுபோனபோது, உங்கள் பெர்க்மன் சோப்பு விளம்பரம் எடுத்துத்தான் குடும்பச் செலவைச் சமாளித்தார். ஒன்றல்ல, ஒன்பது விளம்பரம். 1973-ல் டி.வி.க்கு ஆறு பகுதித் தொடரும் எடுத்தார். அவருக்கு ஒட்டாத தீட்டு ஹால்ஸ்ட்ரோமுக்கு மட்டும் ஒட்டுமோ?

அந்த ஆப்பா வீடியோக்களை மறுபடி பாருங்கள். நாடு நாடாகப் போய் டி.வி.யில் பாட முடியாத குழுவுக்காக, வெளிநாட்டு நிலையங்களுக்கு அனுப்பிவைக்கச் சிக்கனமாக எடுத்தவை. குழுவின் இரண்டு பாடகிகளில் ஒருத்தி நேராகப் பார்ப்பாள், இன்னொருத்தி பக்கவாட்டில் திரும்பியிருப்பாள். இரண்டு முகங்களை வைத்தே பாட்டை நகர்த்திவிடுவார். (இரண்டு பெண்களின் முகங்களைச் சுற்றியே நகரும் பெர்க்மனின் 'பெர்சோனா' படத்தைப் பார்த்தவருக்கு இது புதிதாக இருக்காது.) 'மம்மா மியா' பாட்டு ஆஸ்திரேலியாவில் பத்து வாரம் முதலிடத்தில் நின்றதில் அந்த வீடியோவுக்குப் பெரிய பங்கு உண்டு.

முகத்தைப் பொறுமையாகப் பார்க்கும் அந்தப் பழக்கம்தான் 1985-ல் 'மை லைஃப் ஆஸ் எ டாக்' ஆனது. அம்மா படுத்த படுக்கை. பையன் இங்கெமாரை, கண்ணாடித் தொழிற்சாலை இருக்கும் கிராமத்துக்கு, மாமா வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். அவன் புலம்புவதில்லை. விண்வெளிக்கு அனுப்பிய லைக்கா நாயை நினைத்துக்கொள்கிறான்: சாப்பாடு தீர்ந்து செத்துப்போனதே, அதற்கு நம் பாடு பரவாயில்லை! அந்தப் பையனின் முகம் ஸ்வீடிஷ் மொழி தெரியாத ஆஸ்கர்காரர்களையும் அசைத்தது. சிறந்த இயக்குநருக்கான பரிந்துரை கிடைத்தது.

அப்புறம் ஹாலிவுட். 1993-ல் 'வாட்ஸ் ஈட்டிங் கில்பர்ட் கிரேப்', 19 வயது டிகாப்ரியோவுக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரை. 'தி சைடர் ஹவுஸ் ரூல்ஸ்' நடிகர் மைக்கேல் கெய்னுக்கு விருதையே வாங்கிக் கொடுத்தது. அதற்குப் பிறகு அவர் படங்களில் சர்க்கரை கூடிப்போனது, மறுக்கமாட்டேன். 2014-ல் 'தி ஹண்ட்ரட் ஃபுட் ஜர்னி': ஓம் பூரியின் இந்திய உணவகம், எதிரே ஹெலன் மிர்ரனின் பிரெஞ்சு உணவகம், நம் ரஹ்மான் இசை. ஆம்லெட் காட்சியில் எனக்குப் பசி வந்தது, வேறெதுவும் வரவில்லை. ஆனால் அந்தத் திகட்டல் டி.வி.யில் படிந்த பழக்கமல்ல. நீங்கள் மதிக்கிற பெரிய திரையில் ஒட்டிக்கொண்டது.

சரி, 'மை லைஃப் ஆஸ் எ டாக்' ஒன்றே முக்கால் மணி நேரம்கூட இல்லை. பார்த்துவிட்டு அடுத்த கேள்வியை அனுப்புங்கள்.