மழைக்கு மட்டும் விழும் ஃபைபர் சிக்னல்: எங்கே தேடுவது?

கேள்வி: ஏற்காடு நாகலூர் பக்கம் காபித் தோட்டத்து வீட்டில் ஃபைபர் இணைப்பு வைத்திருக்கிறோம். வெயில் நாளில் மோடத்துக்கு வரும் ஒளியின் பவர் மைனஸ் 19. காற்றும் மழையும் சேர்ந்தால் மைனஸ் 28-க்குப் போய், மோடத்தில் சிவப்பு விளக்கு மின்னுகிறது. மலை மேல் தூரம் அதிகம் என்பதால் சிக்னல் குறைகிறது, புதுக் கேபிள் இழுக்க வேண்டும் என்கிறார்கள். இழுக்கலாமா?

பதில்: அவசரப்பட்டு இழுக்காதீர்கள். நீங்கள் எழுதிய இரண்டு எண்களே பாதி விடையைச் சொல்லிவிட்டன. வெயில் நாளிலும் மழை நாளிலும் கேபிளின் நீளம் ஒன்றுதான். தூரம்தான் காரணம் என்றால் எல்லா நாளும் ஒரே பவர்தானே காட்ட வேண்டும்?

கண்ணாடி இழையில் ஒளி மிக மெதுவாகத்தான் குறையும். மோடத்துக்கு வரும் ஒளிக்கு ஒரு கிலோமீட்டருக்குச் சுமார் கால் டெசிபெல் (ஒளி எவ்வளவு குறைகிறது என்று சொல்லும் அலகு) இழப்பு. 3 டெசிபெல் குறைந்தால் ஒளி பாதியாகிவிட்டது என்று பொருள். அப்படிப் பாதியாக அது ஏறக்குறைய 12 கிலோமீட்டர் ஓட வேண்டும். மேடு பள்ளம் ஒளிக்கு ஒரு பொருட்டே இல்லை. ஒரே ஒளியை 32 வீடுகளுக்குப் பிரிக்கும் ஸ்பிளிட்டர் 17 டெசிபெல் வரை எடுத்துக்கொள்ளும். ஆனால் அது கணக்குப் போட்டே வைத்த இழப்பு. மைனஸ் 19 நல்ல பவர்தான். மைனஸ் 27-ஐத் தாண்டினால் பெரும்பாலான வீட்டு மோடம்கள் திணறும்.

ஆக, மழை நாளில் உங்களுக்குக் காணாமல் போவது 9 டெசிபெல். மூன்று முறை பாதியாவது, அதாவது எட்டில் ஒரு பங்கு ஒளிதான் வந்து சேர்கிறது. காற்றில் அசைகிற, மழையில் நனைகிற ஏதோ ஓர் இடத்தில்தான் இது நடக்கிறது.

என் முதல் சந்தேகம் சில்வர் ஓக் மரங்கள் மேல்தான். தோட்டங்களில் வீட்டுக்கு வரும் கடைசிக் கேபிளான ட்ராப் கேபிளை மரத்துக்கு மரம் கட்டுக்கம்பியால் இறுக்கிக் கட்டிவிடுகிறார்கள். காற்றில் மரம் ஆடும்போது கம்பி கேபிளைக் கவ்வி மடக்கும். உள்ளே ஒளி ஓடும் பகுதி 9 மைக்ரான்தான், தலைமுடியை விட மெலிது. வளைவு குறுகினால் ஒளி பக்கவாட்டில் கசிந்துவிடும். சாதாரண ஃபைபரை 3 சென்டிமீட்டர் ஆரத்துக்குக் கீழே வளைக்கக் கூடாது. வளைவைத் தாங்கும் வகை என்றால் 1 சென்டிமீட்டர் அல்லது அதற்கும் சற்றுக் கீழே வரை தாங்கும். வீட்டுக்குள்ளும் பாருங்கள்: ஜன்னல் சட்டத்தில் நசுங்கியிருக்கிறதா, மீதிக் கேபிளை ஆணியில் சின்ன வளையமாகச் சுற்றி மாட்டியிருக்கிறார்களா?

அடுத்தது வெளியே இருக்கும் ஜாயின்ட் பாக்ஸ். மூடி சரியாக உட்காராமல் தண்ணீர் இறங்கியிருக்கலாம். ஒழுங்காக உருக்கி ஒட்டிய ஸ்பிளைஸில் இழப்பு 0.1 டெசிபெல்லுக்கும் குறைவு. செருகும் கனெக்டரின் முகத்தில் ஈரமும் தூசியும் படிந்தால் அதுவே பல டெசிபெல்லை விழுங்கிவிடும். பச்சைக் கனெக்டரை நீலத்தோடு செருகியிருந்தாலும் இழப்புதான். பச்சையின் முனை சாய்வாகத் தீட்டியது, இரண்டும் பொருந்தாது.

சரி, ஊழியரிடம் என்ன கேட்பது? 1310, 1550 நானோமீட்டர் என்ற இரண்டு அலைநீளங்களிலும் ஓடிடிஆர் (ஃபைபருக்குள் ஒளியைச் செலுத்தி, எங்கே எவ்வளவு இழப்பு என்று காட்டும் கருவி) போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். 1550-இல் மட்டும் இழப்பு எகிறினால் அது வளைவு. இரண்டிலும் ஏறக்குறைய ஒரே அளவு என்றால் கனெக்டரோ ஜாயின்ட்டோ. எத்தனையாவது மீட்டரில் என்பதையும் அதுவே காட்டும். ஆனால் குறை தலைகாட்டும் நேரத்தில் அளந்தால்தான் பிடிபடும். மழையில் வர முடியாதவர், குறைந்தது காற்றடிக்கும் நாளிலாவது வரட்டும். அவர் வரும் வரை மோடத்தின் அமைப்புப் பக்கத்தில் ஆர்எக்ஸ் பவரை, அதாவது வந்து சேரும் ஒளியின் பவரைப் பார்த்து, நேரத்தோடு குறித்து வையுங்கள். யாரையாவது விட்டு மரத்தடிக் கேபிளை லேசாக அசைக்கச் சொல்லி, அந்த எண் குதிக்கிறதா என்றும் பாருங்கள்.

ஒன்று மட்டும் கட்டாயம்: கழற்றிய ஃபைபர் முனையைக் கண்ணருகே கொண்டுபோகாதீர்கள், பிள்ளைகளையும் பார்க்க விடாதீர்கள். அதில் வரும் ஒளி கண்ணுக்குத் தெரியாது.