நாளை மறுநாள் கம்பெனியில் என்கொயரி. எப்படியும் டிஸ்மிஸ்தான் என்கிறார்கள். போகாமல் இருந்துவிடலாமா?

கட்டாயம் போங்கள். போகாவிட்டால் எக்ஸ்பார்ட்டி, அதாவது நீங்கள் இல்லாமலே ஒருதரப்பு விசாரணை என்று எழுதி ஒரே நாளில் முடித்துவிடுவார்கள்.

நீங்கள் சஸ்பென்ஷனில் இருக்கிறீர்கள், தொழிலாளி என்ற வரையறைக்குள் வருகிறீர்கள் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். மேனேஜர் பதவி என்றால் கதையே வேறு. நான் வக்கீல் இல்லை, அனுபவப்பட்டவன், அவ்வளவுதான்.

கோயம்புத்தூர்ப் பக்கம் ஒரு மில்லில் நூல் நூற்கும் ரிங் ஃப்ரேம் மெஷினில் இருந்தேன். நைட் ஷிப்டில் சூப்பர்வைசரோடு வாய்த் தகராறு. சத்தம் போட்டேன், இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் சார்ஜ் மெமோவில் (குற்றச்சாட்டுக் கடிதம்) கெட்ட வார்த்தையில் திட்டினேன், கை ஓங்கினேன் என்று இருந்தது.

விசாரணை அதிகாரியாக வந்தவர் மில்லின் மற்ற கேஸ்களையும் பார்க்கிற வக்கீல். நிர்வாகத் தரப்பில் உட்கார்ந்த எச்.ஆர்.காரரும் சட்டம் படித்தவர். எனக்கும் வக்கீல் வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன், முடியாது என்றார்கள். பொதுவாக உள்விசாரணையில் வக்கீல் வைக்க உரிமை கிடையாது, கூட வேலை செய்பவரைத்தான் துணைக்கு வைத்துக்கொள்ளலாம். ஆனால் அந்தப் பக்கம் சட்டம் படித்தவரை உட்கார வைத்துக்கொண்டு தொழிலாளிக்கு மட்டும் வக்கீலை மறுப்பது நியாயமல்ல என்று பம்பாய் துறைமுக வழக்கில் உச்ச நீதிமன்றம் 1983-லேயே சொல்லிவிட்டது. அதை அன்றைக்கு எனக்கு யார் சொன்னார்கள்?

துணைக்கு வந்தது வைண்டிங் செக்‌ஷன் அண்ணன் ஒருவர். சாட்சி சொன்ன ஃபிட்டரிடம் அவர் கேட்டார்: "நீ எங்கப்பா நின்னுட்டிருந்தே?"

"கம்ப்ரசர் ரூம் வாசல்ல."

"அத்தனை ஃப்ரேம் ஓடுது. அங்கிருந்து இவன் பேசினது உனக்குக் கேட்டுச்சா?"

ஃபிட்டர் எச்.ஆர். முகத்தைப் பார்த்தார். விசாரணை அதிகாரி "சம்பந்தமில்லாத கேள்வி" என்று பேனாவை மூடி வைத்தார். அன்றைய பதிவில் அந்தக் கேள்வியே இல்லை. கையெழுத்துப் போடச் சொன்னபோது அண்ணன் என் காலை மிதித்தார். கையெழுத்துக்குக் கீழேயே தமிழில் எழுதினேன்: "கம்ப்ரசர் ரூமிலிருந்து கேட்டதா என்ற கேள்வி அனுமதிக்கப்படவில்லை, பதிவும் செய்யப்படவில்லை." பேப்பரைக் கெடுக்கிறாய் என்று கத்தினார்கள். கத்தட்டும்.

டிஸ்மிஸ் ஆனேன். லேபர் கோர்ட்டில் அந்த ஒரு வரி நின்றது. விசாரணை முறையாக நடக்கவில்லை என்று உத்தரவு வந்தது. அத்தோடு வேலை கிடைத்துவிடும் என்று நினைக்காதீர்கள். விசாரணை செல்லாமல் போனாலும், குற்றச்சாட்டைக் கோர்ட்டிலேயே புதிதாக நிரூபிக்க நிர்வாகத்துக்கு வாய்ப்பு உண்டு. மறுபடி சாட்சி, மறுபடி குறுக்கு விசாரணை, வாய்தா. அங்கே அதே ஃபிட்டர் "சத்தம் கேட்டது, வார்த்தை கேட்கவில்லை" என்று ஒப்புக்கொண்டார். சத்தம் போட்டதற்கு வேலைநீக்கம் அதிகம் என்று தொழில் தகராறுகள் சட்டத்தின் 11ஏ பிரிவில் தண்டனையைக் குறைத்து, வெளியே இருந்த காலத்துக்குப் பாதிச் சம்பளத்தோடு வேலைக்கு எடுக்கச் சொன்னார்கள்.

"எல்லாத் தொழிலாளியும் யோக்கியமா" என்று எச்.ஆர். நண்பர்கள் கேட்பீர்கள். இல்லைதான். திருடியவனையும் கேட்டுவிட்டு அனுப்புங்கள் என்கிறேன்.

எனக்கு நடந்ததெல்லாம் 1947 தொழில் தகராறுகள் சட்டம் இருந்த காலம். 2025 நவம்பரில் அதற்குப் பதிலாகப் புதிய தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது. கெடு, பிரிவு எண் எல்லாம் வக்கீலிடம் ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

சஸ்பென்ஷன் காலத்தில் தர வேண்டிய பிழைப்பூதியம் வருகிறதா பாருங்கள். தமிழ்நாட்டில் இதற்கென்றே 1981-ல் சட்டம் போட்டார்கள்: முதல் 90 நாள் பாதிச் சம்பளம், அடுத்த 90 நாள் முக்கால், அதற்கு மேல் முழுசு. கோலார் தங்கச் சுரங்கத்தில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்த கேப்டன் பால் அந்தோணிக்கு அதைக்கூடக் கொடுக்காமல் எக்ஸ்பார்ட்டியாக விசாரணையை முடித்தார்கள். 1999-ல் உச்ச நீதிமன்றம் அதைத் தூக்கி எறிந்தது.

இதில் இன்னொரு வயிற்றெரிச்சல். சம்பளம் வராததால் என் சம்பளக் கணக்கைச் சாதாரணக் கணக்காக மாற்றிவிட்டது வங்கி. அப்புறம் மினிமம் பேலன்ஸ் இல்லை என்று அபராதம். வந்த அரைச் சம்பளத்திலும் அவர்களுக்கு ஒரு பங்கு! கேட்டால் கம்ப்யூட்டர் தானாகப் பிடிக்கிறதாம். அந்த மேனேஜர்தான் முன்பு பர்சனல் லோன் வாங்கிக்கொள்ளுங்கள் என்று மில் கேட்டிலேயே வந்து நின்றவர். சரி, அதை விடுங்கள்.

மெமோவோடு சாட்சிப் பட்டியலும் ஆவண நகலும் கொடுத்தார்களா? இல்லையென்றால் இன்றைக்கே எழுதிக் கேட்டு ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள், வாய்தாவும் கேளுங்கள். விசாரணை முடிந்ததும் அறிக்கையின் நகலைக் கொடுத்து உங்கள் பதிலை வாங்கிய பிறகுதான் தண்டனையை முடிவு செய்ய வேண்டும். உச்ச நீதிமன்றத்தின் 1993 கருணாகர் தீர்ப்பு அது. அந்த வழக்கின் பெயரை உங்கள் கடிதத்திலேயே போடுங்கள்.