பிலாத்தின் கையில் சுத்தியல் வேண்டாம்

கேள்வி: எங்கள் பங்கில் இந்த ஆண்டு பெரிய வெள்ளிக்கு இளையோர் சேர்ந்து நாடகம் போடுகிறோம். வசனம் எழுதும் பொறுப்பு என்னுடையது. இயேசுவின் விசாரணையில் யூதச் சட்டத்தின் பதினெட்டு விதிகள் மீறப்பட்டன என்று ஒரு பட்டியல் வாட்ஸ்அப்பில் வந்தது. அதை அப்படியே கதைசொல்லியின் வாயில் வைக்கலாமா? யூதர்களின் உயர்மன்றமான தலைமைச் சங்கத்தில் யார் எங்கே உட்காருவார்கள்? இரண்டு தரப்புக்கும் வக்கீல் உண்டா? ரோம ஆளுநர் பிலாத்து தீர்ப்பு சொல்லும் இடத்தை எப்படி அமைப்பது? எங்களிடம் பதினான்கு நடிகர்கள்தான் இருக்கிறார்கள்.

பதில்: பதினான்கு பேர் தாராளம். எழுபது பேரைத் தேடி அலைய வேண்டாம். ஏன் என்று பின்னால் சொல்கிறேன். முதலில் அந்தப் பட்டியல்.

அதிலுள்ள விதிகள் பெரும்பாலும் கற்பனை இல்லை. மரண தண்டனைக்குரிய வழக்கைப் பகலில்தான் விசாரிக்க வேண்டும். விடுதலை என்றால் அன்றைக்கே சொல்லிவிடலாம். குற்றவாளி என்றால் ஓர் இரவு கழிய விட்டு மறுநாள்தான் சொல்ல வேண்டும். அதனால் ஓய்வுநாளுக்கோ திருவிழாவுக்கோ முந்தின நாளில் இப்படிப்பட்ட வழக்கையே எடுக்கக் கூடாது. இதெல்லாம் மிஷ்னா என்ற யூதச் சட்டத் தொகுப்பில் இருக்கிறது. சிக்கல் தேதியில்தான். மிஷ்னா தொகுக்கப்பட்டது ஏறக்குறைய கி.பி. 200இல். இயேசு சிலுவையில் அறையப்பட்டது 30 அல்லது 33 என்று கணிக்கிறார்கள். இடையில் 70இல் எருசலேம் கோவில் எரிந்தது; அதை ஒட்டி நடந்துவந்த குருக்களின் ஆட்சியும் அதோடு முடிந்தது. 1860இல் வந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு, 1690இல் நடந்த ஒரு வழக்கில் எத்தனை பிரிவு மீறப்பட்டது என்று எண்ணினால் எப்படி இருக்கும்? அந்தப் பட்டியல் செய்வதும் அதைத்தான்.

இன்னொன்றும் உண்டு. மிஷ்னாவை உருவாக்கிய ரபிகள், அதாவது யூதச் சட்ட ஆசிரியர்கள், பரிசேயர் என்ற பிரிவின் வழியில் வந்தவர்கள். இயேசுவை விசாரித்த தலைமைக்குரு கயபாவின் வட்டாரம் சதுசேயர் என்ற வேறொரு பிரிவின் பக்கம். இரண்டு தரப்புக்கும் சட்டத்தைப் படிக்கும் முறையிலேயே தகராறு. உயிரை எடுக்கும் அதிகாரம் கையை விட்டுப் போன பிறகு, ஒரு நல்ல நீதிமன்றம் எப்படி இருக்க வேண்டும் என்று ரபிகள் உட்கார்ந்து யோசித்ததும் அதில் நிறையக் கலந்திருக்கிறது. ஏழு ஆண்டுக்கு ஒருவரைக் கொல்லும் சங்கமே நாசகாரச் சங்கம் என்கிறது ஓரிடம். எழுபது ஆண்டுக்கு ஒருவர் என்றாலும் அப்படித்தான் என்கிறார் ரபி எலெயாசர் பென் அசரியா. நாங்கள் அங்கே இருந்திருந்தால் ஒருவரும் கொல்லப்பட்டிருக்க மாட்டார் என்கிறார்கள் ரபி தர்ஃபோனும் ரபி அக்கிவாவும். அப்படி விட்டிருந்தால் நாட்டில் கொலைகாரர்கள்தான் பெருகியிருப்பார்கள் என்று மடக்குகிறார் சிமியோன் பென் கமாலியேல். கேட்க ருசியான விவாதம். ஆனால் கயபாவின் வீட்டுச் சுவரில் இந்த விதிகள் எழுதி ஒட்டியிருந்ததாக நினைத்துக்கொள்ளக் கூடாது. ஆகவே ‘மீறல் ஒன்று, மீறல் இரண்டு’ என்று கதைசொல்லி வாசிக்கும் பகுதியை எடுத்துவிடுங்கள்.

அதற்காக மிஷ்னாவைத் தூக்கிப் போட்டுவிட வேண்டாம். மேடைக்குத் தேவையான உருவம் அதில்தான் கிடைக்கும். பெரிய சங்கத்துக்கு 71 பேர். சாதாரண மரண வழக்குக்கு 23 பேர் போதும். அவர்கள் அரைவட்டமாக, பாதிக் களம் போல உட்காருவார்கள் என்கிறது மிஷ்னா. கதிரடிக்கும் களத்தைத்தான் சொல்கிறது. ஒருவர் முகம் மற்றவருக்குத் தெரிய வேண்டும், அதற்காக. அவர்கள் முன்னால் வலப்பக்கம் ஓர் எழுத்தர், இடப்பக்கம் ஓர் எழுத்தர் நின்று, விடுவிக்கச் சொல்வோர் பேச்சையும் தண்டிக்கச் சொல்வோர் பேச்சையும் எழுதிக்கொள்வார்கள். கருத்துக் கேட்கும்போது மரண வழக்கில் ஓரத்தில் இருப்பவரிடமிருந்து, அதாவது இளையவரிடமிருந்து, தொடங்க வேண்டும். பெரியவர் முதலில் வாய் திறந்துவிட்டால் சின்னவர் எதிர்த்துப் பேசத் தயங்குவார் அல்லவா? நம் வீட்டுக் கல்யாணப் பேச்சு நடக்கும் கூடத்தில் ஒருநாள் உட்கார்ந்தவருக்கு இந்த விதியின் அருமை புரியும். விடுவிக்க ஒரு வாக்கு அதிகமிருந்தால் போதும். தண்டிக்க இரண்டு வாக்கு அதிகம் வேண்டும்.

வக்கீல் கிடையாது. இரு தரப்புக்கும் இல்லை. அந்த அமைப்பில் வழக்கைச் சுமப்பவர் சாட்சிதான். இது மிஷ்னாவுக்கு மிக முந்தியது. விவிலியத்தின் இணைச்சட்ட நூலிலேயே இருக்கிறது. ஒரே சாட்சியை வைத்து யாரையும் கொல்லக் கூடாது, இரண்டு அல்லது மூன்று பேர் வேண்டும். தண்டனை நிறைவேறும்போது முதல் கை சாட்சியின் கையாக இருக்க வேண்டும். பொய்ச்சாட்சி என்று தெரிந்தால், அடுத்தவனுக்கு அவன் நினைத்த தண்டனை அவனுக்கே.

அதனால் சாட்சியைக் குடைவதில்தான் திறமை இருந்தது. மிஷ்னாவில் ஏழு கேள்விகள் வருகின்றன: எந்த ஏழாண்டுச் சுற்று, அதில் எந்த ஆண்டு, எந்த மாதம், மாதத்தில் எத்தனையாம் நாள், என்ன கிழமை, எந்த நேரம், எந்த இடம். இதற்கு மேலும் கேட்கலாம். பென் சக்காய் என்பவர் ஒரு வழக்கில் அத்திப்பழக் காம்பைப் பற்றிக்கூடக் குடைந்து கேட்டாராம். தானியேல் நூலில் வரும் சூசன்னா கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். இரண்டு முதியவர்களையும் தனித்தனியே நிறுத்தி, எந்த மரத்தடியில் பார்த்தாய் என்று கேட்கிறார் தானியேல். ஒருவர் ஒரு மரத்தைச் சொல்கிறார், மற்றவர் வேறொன்றைச் சொல்கிறார். வழக்கு அங்கேயே உடைகிறது.

உங்கள் நாடகத்தின் முதல் காட்சியை இதன்மேல்தான் கட்டச் சொல்வேன். பலர் பொய்ச்சாட்சி சொன்னார்கள், ஆனால் அவை ஒத்துவரவில்லை என்கிறார் மாற்கு. எது ஒத்துவரவில்லை என்று அவர் விரித்துச் சொல்லவில்லை. இரண்டு நற்செய்திகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் உங்களுக்கு ஒரு வசனம் கிடைக்கும். மாற்கில், இந்தக் கோவிலை ‘இடித்துவிடுவேன்’ என்று சொன்னதாகச் சாட்சி. மத்தேயுவில், ‘இடிக்க என்னால் முடியும்’ என்று சொன்னதாக. இரண்டு சாட்சிகளைத் தனித்தனியே நிறுத்துங்கள். ஒருவன் இடிப்பேன் என்றான் என்கிறான், இன்னொருவன் இடிக்க முடியும் என்றான் என்கிறான். எழுத்தர் எழுதுவதை நிறுத்தி நிமிர்ந்து பார்க்கட்டும். ஒரு வார்த்தை பேசாமலே அரங்கம் புரிந்துகொள்ளும். சாட்சி கைவிட்ட பிறகுதான் தலைமைக்குரு எழுந்து தானே கேள்வி கேட்கிறார், பதிலைக் கேட்டு உடையைக் கிழிக்கிறார். கடவுளின் திருப்பெயர் பழிக்கப்பட்டதைக் கேட்கும் நீதிபதிகள் எழுந்து நின்று உடையைக் கிழிக்க வேண்டும், அதைத் திரும்பத் தைக்கக் கூடாது என்று மிஷ்னாவும் சொல்கிறது. அது கோபத்தில் செய்வதில்லை, சடங்கு. உங்கள் நடிகரிடம் சொல்லி வையுங்கள், கத்த வேண்டாம்.

இனி, எழுபது பேர் ஏன் வேண்டாம் என்பது. மாற்கு நற்செய்தியில் இரவில் ஒரு கூட்டம், விடியலில் ஒரு கூட்டம். லூக்காவில் விடிந்த பிறகு மட்டும்தான். யோவானில் சங்கம் கூடி விசாரித்ததாகவே இல்லை. கயபாவின் மாமனார் அன்னா கேள்வி கேட்டு, கயபாவிடம் அனுப்புகிறார், அவ்வளவுதான். நான்கையும் கலந்தால் நாடகம் குழம்பும், ஒன்றைப் பிடித்துக்கொள்ளுங்கள். என் தனிப்பட்ட எண்ணம், அந்த இரவில் நடந்தது முழு விசாரணை இல்லை. காலையில் ஆளுநரிடம் என்ன குற்றம் சொல்லி ஒப்படைப்பது என்று முடிவு செய்த கூட்டம். குற்றப்பத்திரிகை தயாரிக்கும் இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வீட்டுக் கூடம், ஒரு விளக்கு, ஆறேழு பேர், வெளியே முற்றத்தில் தீக்காயும் பேதுரு. அரைவட்டத்தை அந்த ஆறு பேரை வைத்தே காட்டிவிடலாம்.

ஆளுநரிடம் ஏன் போக வேண்டும்? கி.பி. 6இல் யூதேயா ரோமர்களின் நேரடி ஆட்சிக்கு வந்தபோது, முதல் ஆளுநர் கொப்போனியுஸ் மரண தண்டனை வரைக்குமான அதிகாரத்தோடு அனுப்பப்பட்டார் என்று வரலாற்றாசிரியர் ஜோசஃபஸ் எழுதுகிறார். யாரையும் கொல்ல எங்களுக்கு உரிமை இல்லை என்று யோவான் நற்செய்தியில் வரும் வசனமும் அதோடு பொருந்துகிறது. 62இல் ஒரு ஆளுநர் இறந்து அடுத்தவர் வந்து சேராத இடைவெளியில், தலைமைக்குரு அனானுஸ் சங்கத்தைக் கூட்டி, இயேசுவின் சகோதரர் யாக்கோபைக் கல்லால் எறிந்து கொல்ல வைத்தார். ஆளுநரின் சம்மதமில்லாமல் சங்கத்தைக் கூட்டியது தவறு என்று புகார் போனது. பதவிக்கு வந்த மூன்றே மாதத்தில் அனானுஸ் அதை இழந்தார்.

சரி, பிலாத்து. ஓர் ஊர் நாடகத்தில் பிலாத்து மரச்சுத்தியலால் மேசையைத் தட்டி ‘ஆர்டர், ஆர்டர்’ என்றதைப் பார்த்திருக்கிறேன். சினிமா கோர்ட் நம் ரத்தத்தில் ஊறிவிட்டது. ரோமர்களிடம் சுத்தியலும் இல்லை, கூண்டும் இல்லை. ரோம் நகரத்தில் ஜூரி வைத்த நிரந்தர நீதிமன்றங்கள் கி.மு. 149 முதல் உண்டு. ஆனால் மாகாணத்தில் குடியுரிமை இல்லாத ஒருவரின் வழக்கில் ஆளுநர் ஒருவரே எல்லாம். குற்றம் சாட்டுபவர்கள் நேரில் வந்து சொல்ல வேண்டும், ஆளுநர் கேள்வி கேட்பார், எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) பதில் சொல்லலாம், பக்கத்தில் ஆலோசகர்கள் இருப்பார்கள், தீர்ப்பு இருக்கையிலிருந்து வரும். திருத்தூதர் பணிகள் நூலில் ரோம ஆளுநர் பெஸ்து இதைத்தான் சொல்கிறார்: குற்றம் சாட்டியவர்களை நேருக்கு நேர் சந்தித்துப் பதில் சொல்ல வாய்ப்புத் தராமல் ஒருவரை ஒப்படைப்பது ரோமர்களின் வழக்கமில்லை. வக்கீல் இங்கே வரலாம். பவுலுக்கு எதிராக தெர்த்துல் என்ற பேச்சாளர் வந்து, ஆளுநரைப் புகழ்ந்து தள்ளிவிட்டுத்தான் வழக்கை ஆரம்பிக்கிறார். இயேசுவின் வழக்கில் அப்படி யாரும் சொல்லப்படவில்லை, நீங்களும் சேர்க்க வேண்டாம்.

கவனிக்க வேண்டியது, குற்றச்சாட்டு மாறிவிடுகிறது. இரவில் பேச்சு கோவிலைப் பற்றியும் கடவுளைப் பழிப்பது பற்றியும். காலையில் லூக்கா சொல்வது: மக்களைக் கலகத்துக்குத் தூண்டுகிறான், சீசருக்கு வரி கட்டாதே என்கிறான், தன்னை அரசன் என்கிறான். ரோம அதிகாரிக்குக் காது கேட்கும் மொழி இதுதான். சாட்சிகள் மோதிக்கொண்டால் சங்கத்தில் வழக்கு ஆட்டம் காணும். ஆளுநர் முன்னால் அவருடைய கேள்வியும் எதிரியின் பதிலும்தான் வழக்கு. பேசாமல் நின்றால் எதிர்த்தரப்பின் பேச்சு மட்டும் மிஞ்சும். இயேசு பதில் சொல்லாததைக் கண்டு பிலாத்து வியப்பதை மாற்கு எழுதியிருப்பதை இப்படிப் படித்துப் பாருங்கள்.

இதே பாதையில் போய் உயிரோடு திரும்பியவர் ஒருவரும் இருக்கிறார். அனானியாவின் மகன் இயேசு என்ற நாட்டுப்புறத்தார். 62 வாக்கில் கோவிலுக்கு எதிராகக் கூவிக்கொண்டே இருந்தார். எருசலேம் பெரியவர்கள் பிடித்து ஆளுநர் அல்பினுஸிடம் ஒப்படைத்தார்கள். எலும்பு தெரிய அடித்தும் தன்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. பித்துப் பிடித்தவன் என்று விட்டுவிட்டார் அல்பினுஸ். இந்த நாட்டுப்புறத்தார் தன்னை அரசன் என்று சொன்னதாகப் புகார் இல்லை.

பிலாத்தின் காட்சிக்கு யோவானைப் பின்பற்றுங்கள். குற்றம் சாட்டுபவர்கள், தீட்டாகிப் பாஸ்கா விருந்தை உண்ண முடியாமல் போகும் என்று பயந்து மாளிகைக்குள் வரவில்லை; அதனால் பிலாத்து வெளியே வருவதும் உள்ளே போவதுமாக ஏழு சிறு காட்சிகள் அமைகின்றன. நடுவில் ஒரு திரை, இந்தப் பக்கம் கூட்டம், அந்தப் பக்கம் இயேசு. கடைசியில் வெளியே கல்தளத்தில் உள்ள நடுவர் இருக்கையில் உட்கார்ந்து தீர்ப்பு. மேடையில் உயரமான ஒரே நாற்காலி அதுவாக இருக்கட்டும். நேரம் விடியற்காலை, ரோம அதிகாரிகள் சீக்கிரமே வேலையைத் தொடங்குபவர்கள்.

கை கழுவுவது மத்தேயுவில் மட்டும் வருகிறது. அது ரோமச் சட்டச் சடங்கு இல்லை. கொன்றவன் யாரென்று தெரியாத பிணம் கிடந்தால் ஊர்ப் பெரியவர்கள் கை கழுவ வேண்டும் என்ற இணைச்சட்ட வழக்கத்தை நினைவூட்டுவது. வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் ‘ரோமச் சட்டப்படி’ என்று கதைசொல்லி சொல்லக் கூடாது. பரபா விடுதலைக்கும் இதே எச்சரிக்கை. திருவிழாவின்போது ஒரு கைதியை விடுவிக்கும் அந்த வழக்கம் நற்செய்திகளுக்கு வெளியே எங்கும் பதிவாகவில்லை.

கூட்டத்தை வசனத்தாளில் ‘யூதர்கள்’ என்று எழுதாதீர்கள். ‘தலைமைக்குருக்களின் ஆட்கள்’ என்று எழுதுங்கள். மேடையில் இயேசு, பேதுரு, அழும் பெண்கள் எல்லாருமே யூதர்கள்தானே. பாடுகளின்போது நடந்ததற்கு அன்றைய யூதர் அனைவரையுமோ இன்றைய யூதரையோ குற்றம் சொல்ல முடியாது என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இல் சொல்லிவிட்டது. பங்குத்தந்தையிடம் ஒரு வார்த்தை கேட்டால் அவரே எடுத்துத் தருவார். அந்தப் பதினெட்டுப் பட்டியலை நான் ஒதுக்கச் சொன்னதற்கு இதுவும் ஒரு காரணம்.

சிலுவையின் உச்சியில் வைக்கும் பலகையைப் பெரிதாகச் செய்யுங்கள். தண்டனைக்கான காரணத்தை எழுதிக் காட்டுவது ரோமர் வழக்கம். எபிரேயம், இலத்தீன், கிரேக்கம் என்று மூன்று மொழியில் இருந்தது என்கிறார் யோவான். அதில் கோவில் பேச்சு இல்லை, கடவுளைப் பழித்த பேச்சும் இல்லை; ‘யூதர்களின் அரசன்’ என்றுதான் இருக்கிறது. சுத்தியலை ஏற்கனவே வாங்கி வைத்திருந்தால் வீணாகாது, இந்தக் காட்சிக்குக் கொடுத்துவிடுங்கள்.